அறுபத்தொரு ரீல்களில் நீண்ட நெடில்

ஜனவரி 6

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி எழுதிக்கொள்வது. நான் சௌகரியமாக இருக்கிறேன், சளி மட்டும் விட்டபாடில்லை. உன் தொண்டை எப்படி இருக்கிறது? போன வாரம் அழுகைக் காட்சி டப்பிங் என்று எழுதியிருந்தாயே, வெந்நீராவது குடித்தாயா? போனில் கேட்டால் என்ன என்று தோன்றத்தான் செய்கிறது. ஆனால் பகலெல்லாம் அடுத்தவர் வாய்க்குப் பேசிவிட்டு வந்தால் போனைத் தொட மாட்டேன், எழுதினால் படிக்கிறேன் என்று சட்டம் போட்டவள் நீ.

இந்தப் பார்சலில் என் ஆய்வேட்டின் மூன்றாம் இயல் இருக்கிறது. உனக்குப் புரியும்படி சுருக்கமாகச் சொல்கிறேன். நம் ஆட்கள் பெயரைப் பேர் ஆக்கினார்கள். மிகுதி மீதி ஆனது, பகுதி பாதி ஆனது. நடுவில் இருந்த ஒலி எழுந்து போனதும் பக்கத்தில் இருந்த குறில் பஸ்ஸில் சன்னலோர ஆள் செய்வதுபோலக் காலை நீட்டி அந்த இடத்தையும் பிடித்துக்கொண்டது. சொல்லில் ஓர் அசை குறைந்தது, குறில் நெடிலானது. இதெல்லாம் பழைய கதை, புத்தகத்தில் இருக்கிறது. அந்த நெடில்கள் இன்று நம் வாயில் என்ன ஆகிக்கொண்டிருக்கின்றன என்பதுதான் என் கேள்வி.

நீ ஸ்டுடியோவில் பேசி வாங்கிக் கொடுத்த முப்பது வருட டப்பிங் ரீல்களில் நாலாயிரத்து இருநூறு நெடில்களை அளந்துவிட்டேன். அக்கா, முப்பது வருடத்தில் நெடில் ஐந்தில் ஒரு பங்கு சுருங்கியிருக்கிறது. ஒரு மொழி கண்ணெதிரே மாறுவதை அளவுகோல் வைத்துப் பிடித்திருக்கிறேன்.

ஜூன் முப்பதுக்குள் ஆய்வேட்டைக் கொடுத்தாக வேண்டும். இரண்டு முறை நீட்டிப்பு வாங்கியாகிவிட்டது. இந்த முறை தவறினால் பதிவை ரத்து செய்துவிடுவார்கள், ஐந்து வருடம் தண்ணீரில் போட்ட உப்புதான். ஆனால் தவறாது. இயல் முழுவதையும் படித்துவிட்டுச் சொல். உன் குரல்தான் பக்கத்துக்குப் பக்கம் இருக்கிறது.

பாசமுள்ள,
தம்பி


ஜனவரி 17

அன்புத் தம்பிக்கு,

அக்கா. என் தொண்டைக்கு ஒரு குறையும் இல்லை, அது என்னைவிட நன்றாக இருக்கிறது. இந்த வாரம் ஒரு கார்ட்டூனில் முயலுக்கும் நானே குரல், அதன் மாமியாருக்கும் நானே குரல். இருவருக்கும் ஓயாத சண்டை. எந்தப் பக்கம் நியாயம் என்று எனக்கே குழப்பமாகிவிட்டது. உன் சளிக்கு மருந்து வாங்கினாயா, இல்லை அதையும் அளந்துகொண்டிருக்கிறாயா?

இயல் வந்தது. படங்கள் அழகாக இருக்கின்றன. கோடு இறங்கிக்கொண்டே போகிறது, உன்னோடு பேசும்போது என் பொறுமை இறங்குவது மாதிரி. முழுக்கப் படித்துவிட்டு எழுதுகிறேன்.

ஒன்று மட்டும் கேட்கிறேன். நீ அளந்ததெல்லாம் வசனம்தானா?

நேரத்துக்குச் சாப்பிடு.

அக்கா


பிப்ரவரி 4

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். சளி போய் இருமல் வந்திருக்கிறது. நீயும் நலமாகத்தான் இருப்பாய் என்று நினைத்துக்கொள்கிறேன், பதினெட்டு நாளாக ஒரு வரி இல்லை.

வசனம்தான் அக்கா. ரீலில் வேறு என்ன இருக்கிறது அளப்பதற்கு? முன்னும் பின்னும் இருந்த இரைச்சலையெல்லாம் வெட்டிப் போட்டுவிட்டு வசனத்தை மட்டும் சுத்தமாக எடுத்திருக்கிறேன். நெறியாளர் அம்மா நேற்று இயலைத் திருப்பித் தந்தார். அவர் வாயிலிருந்து 'பரவாயில்லை' வருவதே பெரிய விஷயம். நேற்று "நல்லா இருக்குப்பா" என்றார். நான் நாற்காலியில் உட்கார மறந்து நின்றுகொண்டே இருந்தேன்.

உனக்குப் படிக்க நேரம் கிடைக்கவில்லையா, அல்லது புரியவில்லையா? எதுவானாலும் எழுது.

தம்பி


பிப்ரவரி 24

அன்புத் தம்பிக்கு,

உடம்பு நலம். மனசு அப்படி இல்லை. இந்தக் கடிதத்துக்காக மூன்று முறை உட்கார்ந்து மூன்று முறையும் எழுந்துவிட்டேன்.

உன் இயலைப் பார்சல் பிரித்த அன்றைக்கே முழுக்கப் படித்துவிட்டேன். நேரமில்லாமல் இல்லை, புரியாமலும் இல்லை. முதல் வாசிப்பிலேயே புரிந்தது. அதனால்தான் எழுதவில்லை.

டப்பிங்கில் நாங்கள் எங்கள் இஷ்டத்துக்குப் பேசுவதில்லையடா. திரையில் யாரோ ஒரு வெளிநாட்டுக்காரி வாயைத் திறக்கிறாள். அவள் திறக்கும்போது நான் திறக்க வேண்டும், மூடும்போது மூட வேண்டும். அவள் உதடு ஒட்டுகிற இடத்தில் என்னிடம் ஒரு 'ப'வோ 'ம'வோ இருக்க வேண்டும். நான் சேர்ந்த புதிதில் வந்த படங்களில் ஆற அமரப் பேசுவார்கள். கதாநாயகி 'போகாதே' என்று சொல்லி முடிப்பதற்குள் ரயிலே போய்விடும். அந்த வாய்க்காக நான் 'போ'வை இழுத்தேன், 'கா'வை இழுத்தேன். இப்போது வருவதெல்லாம் படபடவென்று பொரிகிற தொடர்கள். அதே 'போகாதே'யை முயல் வாய்க்குள் திணிக்க வேண்டியிருக்கிறது. "உதட்டுக்குள்ள அடக்கு, உதட்டுக்குள்ள அடக்கு" என்பதுதான் இங்கே நாள் முழுக்கக் கேட்கிற பேச்சு.

நெடில் சுருங்கியது உண்மைதான். ஆனால் சுருங்கியது நம் பேச்சில் இல்லை. நீ நாலாயிரத்து இருநூறு முறை அளந்தது அந்நிய உதடுகளை.

ரீல் வேண்டும் என்று நீ கேட்டபோது எனக்குப் பெருமை தலைக்கு ஏறிவிட்டது. நான் பேசியதை ஒரு பல்கலைக்கழகம் கேட்கிறது என்று ஸ்டுடியோ முழுக்கச் சொல்லித் திரிந்தேன். எதற்கு என்று கேட்கத் தோன்றவில்லை. ஒரு மாதமாக உன்னிடம் சொல்லாமல் இருந்ததும் தப்புத்தான். ஜூன் முப்பதை நினைத்தால் எனக்கு ரொம்பப் பயமாக இருக்கிறது.

அக்கா


மார்ச் 1

அக்காவுக்கு,

நலம். கடிதம் கிடைத்தது.

நீ சொன்னது சரி. பத்துப் படங்களை வரவழைத்து ரீலோடு சேர்த்து ஓட்டிப் பார்த்தேன். உதடு எவ்வளவோ நெடில் அவ்வளவு. வேறு எதுவும் இல்லை.

நாலு மாதம் இருக்கிறது, ஆய்வேடு இல்லை. நெறியாளர் அம்மாவிடம் இன்னும் சொல்லவில்லை. மூன்று வருடமாகப் பெட்டி பெட்டியாக ரீல் அனுப்பினாய். ஒரே ஒரு நாள் "எதுக்குடா இது?" என்று கேட்டிருக்கலாம். நானும் உன்னிடம் "எப்படிக்கா பேசுவீங்க?" என்று ஒரு நாள் கேட்டிருக்கலாம், தெரியும். இருந்தாலும் கோபமாக வருகிறது.

கொஞ்ச நாள் எழுத வேண்டாம்.

தம்பி


மார்ச் 15

தம்பிக்கு,

எழுத வேண்டாம் என்றாய். சாப்பிடுகிறாயா, இருமல் போனதா என்று மட்டும் கேட்கிறேன். இது எழுதுவதில் சேராது.

அக்கா


ஏப்ரல் 2

என் அன்புள்ள அக்காவுக்கு,

சாப்பிடுகிறேன், இருமல் போய்விட்டது, கோபமும் போய்விட்டது. நீ மனதில் எதுவும் வைத்துக்கொள்ளாதே. இப்போது நான் எழுதப்போவதை உட்கார்ந்து படி.

மூன்று வாரத்துக்கு முன் நெறியாளர் அம்மாவிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். திட்டுவார் என்று நினைத்தேன். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே கேட்டார்.

"ரீல்ல வேற என்ன இருக்கு?"

"ஒண்ணும் இல்லைம்மா, இரைச்சல்தான். வெட்டிப் போட்டுட்டேன்."

"வெட்டினதைக் கேட்டியா?"

"இல்லை."

"அப்ப இங்க ஏன் நிக்கிற? போய்க் கேளு."

கேட்டேன் அக்கா. ஒவ்வொரு வசனத்துக்கும் முன்னால், சிவப்பு விளக்கு எரிவதற்கு முன், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்து ஒலிப்பதிவாளர் சொல்கிறார்: 'ரீல் ஏழு, காட்சி ஆறு, டேக் நாலு.' முப்பது வருடம், ஐந்து பேர், பதினோராயிரம் டேக். அதே சொற்கள், அதே வரிசை. பின்பற்ற எந்த உதடும் இல்லை, அவர்கள் பாட்டுக்குச் சொல்கிறார்கள். எந்த ஆராய்ச்சிக்காரன் கேட்டாலும் இப்படி ஒரு பரிசு கிடைக்காது. நான் இதைக் குப்பை என்று வெட்டி எறிந்திருக்கிறேன்.

ராவும் பகலும் அளந்தேன். நெடில் சுருங்கவே இல்லை, வளர்ந்திருக்கிறது. முப்பது வருடத்துக்கு முன் 'நாலு' என்றால் 'நா' தனியாக, 'லு' தனியாகக் கேட்கிறது. கடைசி ரீல்களில் அந்த உகரம் தேய்ந்து வெறும் காற்றாகி, பாதி இடங்களில் 'நால்' என்றே நின்றுவிடுகிறது. ஆறும் ஏழும் அப்படித்தான். உகரம் விட்டுப்போன நேரத்தை முன்னால் இருக்கிற நெடில் எடுத்துக்கொண்டது. சொல்லின் மொத்த நேரம் மட்டும் ஏறக்குறைய அப்படியே இருக்கிறது. எட்டிலும் பத்திலும் இரட்டித்த மெய் காவலுக்கு நிற்கிறது, அங்கே உகரம் அசையவில்லை. பெயர் பேரானபோது என்ன நடந்ததோ அது இன்னும் நடந்துகொண்டிருக்கிறது. நான் முதலில் சொன்னதற்கு நேர் எதிர், அதைவிடப் பெரிய செய்தி.

ஒரு சிக்கல். பதிவு மெஷின் ஒரு வருடம் கொஞ்சம் மெதுவாக ஓடியிருந்தால் எல்லா ஒலியும் நீண்டு கேட்கும். முப்பது வருடமும் ஒரே வேகத்தில் ஓடியது என்பதற்கு ஆதாரம் வேண்டும், தேர்வாளர்கள் முதலில் அதைத்தான் கேட்பார்கள். முக்கால்வாசி ரீல்களில் இருப்பது ஒரே குரல். அவசரமே இல்லாத, நிதானமான ஆண் குரல். அவர் யார்? அவருக்குத் தெரிந்திருக்குமா?

நம்பிக்கையுடன்,
தம்பி


ஏப்ரல் 16

அன்புத் தம்பிக்கு,

நலம். உன் கடிதத்தை நாலு முறை படித்தேன், ஸ்டுடியோவில் முயலின் மாமியாராகச் சத்தம் போட்டும் ஒரு முறை படித்தேன். வெட்டிப் போட்டதில் இருந்ததா உன் ஆய்வேடு.

அந்தக் குரல் மீட்டர் சாருடையது. நாங்கள் வைத்த பேர்தான். யார் என்ன பேசினாலும் நிமிர்ந்து முகத்தைப் பார்க்க மாட்டார், சத்தத்தை அளக்கிற மீட்டரில் முள் எவ்வளவு ஏறுகிறது என்றுதான் பார்ப்பார். காலையில் முதல் வேலையாக ஒரு சோதனை ஒலியை ஓட்டி மெஷின் வேகத்தைச் சரிபார்த்து நோட்டில் எழுதுவார். அவர் சேருவதற்கு முன்னால் எழுதிய பழைய நோட்டுகளையும் அவர்தான் பத்திரமாக வைத்திருந்தார். இரண்டு வருடத்துக்கு முன் ஓய்வு பெற்றபோது ஸ்டுடியோவில் தூக்கிப் போடப் பார்த்தார்கள், எல்லாவற்றையும் வீட்டுக்கு எடுத்துப் போய்விட்டார்.

வீடு இங்கிருந்து மூன்று ஸ்டாப்தான். எனக்குப் போக நேரம் இல்லை. முகவரியைக் கீழே எழுதியிருக்கிறேன், நீயே எழுதிக் கேட்டுக்கொள்.

மதியம் தூங்காதே, இருமல் திரும்பி வரும்.

அக்கா


மே 5

அன்புள்ள அக்காவுக்கு,

நலம், நீயும் அப்படியே இருக்க வேண்டும். மீட்டர் சாருக்கு எழுதினேன். ஒரே வரியில் பதில் வந்தது: 'நோட்டுகளைத் தபாலில் அனுப்ப இயலாது, தங்கள் குடும்பத்தார் யாரேனும் நேரில் வந்தால் தருகிறேன்.' அம்மா அப்பா போன பிறகு எனக்கு இருக்கிற குடும்பம் நீ ஒருத்தி. மூன்று ஸ்டாப்பில் இருக்கிறாய். இதற்கும் நேரமில்லை என்று எழுதினால் நான் நம்பப்போவதில்லை.

இப்போது இன்னொரு பூதம் கிளம்பியிருக்கிறது. அவர் எண் சொன்ன நானூறு ரீல்களில் அறுபத்தொன்று மட்டும் கணக்கில் அடங்க மாட்டேன் என்கிறது. ஒரு நொடியை ஆயிரமாக வெட்டினால் அவருடைய 'ஏழு'வில் 'ஏ' நூற்றெண்பது பங்கு பிடிக்கும். இந்த அறுபத்தொன்றில் மட்டும் இருநூற்று நாற்பது. ஆறும் அப்படி, நாலும் அப்படி. ஆனால் எட்டும் பத்தும் மாறவே இல்லை. மெஷின் மெதுவாக ஓடியிருந்தால் குறிலும் நீண்டிருக்க வேண்டுமே. அதே நாளில் பதிவான மற்ற ரீல்களில் ஏழு வழக்கமான ஏழாகவே இருக்கிறது.

பதினைந்து வருடத்துக்கு முன் ஆரம்பித்து ஒன்பது வருடம் இப்படி. ஆறு வருடத்துக்கு முன், மார்ச் பன்னிரண்டு அன்று, ஒரே நாளில் நின்றுவிட்டது. அதன் பிறகு ஒரு ரீலில்கூட இல்லை. அன்றைக்கு ஸ்டுடியோவில் ஏதாவது மாற்றினார்களா? படமும் தேதிப் பட்டியலும் இணைத்திருக்கிறேன். இதற்கு விளக்கம் இல்லாவிட்டால் மொத்த அட்டவணையையும் பிய்த்துவிடுவார்கள். ஜூன் முப்பதுக்கு எட்டு வாரம்தான் இருக்கிறது. அவரிடம் கேட்டுச் சொல்.

தம்பி


மே 22

தம்பிக்கு,

நலமாக இருக்கிறேன்.

உன் படத்தையும் தேதிப் பட்டியலையும் பார்த்துவிட்டு இரண்டு நாள் வேலைக்கு லீவு போட்டேன். இருபத்திரண்டு வருடத்தில் நான் போட்ட நாலாவது லீவு. மறுநாள் மீட்டர் சார் வீட்டுக்குப் போனேன்.

தனி ஆள் வீடு. ஒரு மேசை, ஒரு நாற்காலி, சுவரோரம் முப்பது நோட்டுகள் வருட வரிசையில். என்னை நாற்காலியில் உட்காரச் சொல்லிவிட்டு அவர் நின்றார். நோட்டுகளைப் புரட்டிக் காட்டினார். ஒரு நாள் விடாமல் மெஷின் வேகம் எழுதியிருக்கிறது, உன் அறுபத்தொரு ரீல் நாட்கள் உட்பட. மெஷினில் ஒரு குறையும் இல்லை. பிறகு நான் உன் படத்தை மேசையில் விரித்தேன்.

"இது என்ன?"

"உங்க குரல்."

"இந்த மேடு?"

"அந்த ரீல்கள்ல மட்டும் நீங்க ஏழை நீட்டியிருக்கீங்களாம். என் தம்பி ஏன்னு கேக்கிறான்."

ரொம்ப நேரம் பார்த்தார், மீட்டரைப் பார்ப்பாரே அதே பார்வை. பிறகு "தண்ணி குடிக்கிறீங்களா?" என்றார். குடித்தேன். நோட்டுகளைத் துணியில் கட்டிக் கொடுத்தார், பஸ் ஸ்டாப் வரை தூக்கிக்கொண்டு வந்தார். அவ்வளவுதான்.

நோட்டுகள் பார்சலில் வருகின்றன. அந்த அறுபத்தொரு ரீல்களையும் அட்டவணையில் இருந்து தள்ளிவிடு. 'பேசுபவரின் தனிப்பட்ட காரணத்தால் நீக்கப்பட்டது' என்று அடிக்குறிப்பில் எழுது, அது பொய் இல்லை. காரணம் என்ன என்று யார் கேட்டாலும் நீ சொல்லக் கூடாது, இது என் மேல் ஆணை. காரணம் உனக்கே தெரியாது என்பாய். நீ எண்ணை மட்டும் வெட்டி எடுத்துக்கொண்டு மறுபடியும் மிச்சத்தைக் கேட்காமல் விட்டிருக்கிறாய். அந்த ரீல்களில் எண் முடிந்து சிவப்பு விளக்கு எரிந்ததும் பேசுகிற பெண் யார் என்று போட்டுப் பார்.

அக்கா


செப்டம்பர் 20

அன்புள்ள அக்காவுக்கு,

முனைவர் தம்பி எழுதிக்கொள்வது. நேற்று வாய்மொழித் தேர்வு முடிந்தது. தேர்வாளர்கள் இருவரும் ஒருமனதாகப் பட்டத்துக்குப் பரிந்துரைத்துவிட்டார்கள். நீ எப்படி இருக்கிறாய்? மே மாதத்துக்குப் பிறகு உன்னிடமிருந்து எழுத்தே இல்லை. அழைப்பு அனுப்பியும் நேற்று வராமல் இருந்துவிட்டாய். அதனால் நடந்ததை வரிக்கு வரி எழுதுகிறேன்.

நீ சொன்னபடி அன்றைக்கே போட்டுக் கேட்டேன். அறுபத்தொன்றிலும் நீ. வேறு யாருக்கும் நீளாத ஏழு உனக்கு மட்டும் நீண்டிருக்கிறது. மார்ச் பன்னிரண்டு என்ன நாள் என்பதும் அப்போதுதான் உறைத்தது. உனக்கு மாப்பிள்ளை நிச்சயம் செய்த வாரம். இரண்டே மாதத்தில் வேண்டாம் என்று சொல்லிவிட்டாய், ஏன் என்று வீட்டில் ஒருவரிடமும் நீ வாய் திறக்கவில்லை. நான் மொழியைக் கேட்கிறவன் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொள்கிறேன். கூடப் பிறந்தவளைக் கேட்கவில்லை. அதற்கு மேல் உன்னிடம் எழுதிக் கேட்கத் தைரியம் வரவில்லை.

நோட்டு தந்ததற்கு நன்றி சொல்லி மீட்டர் சாருக்கும் தேர்வு அழைப்பு அனுப்பியிருந்தேன். வருவார் என்று நினைக்கவில்லை.

மண்டபம் நிறைந்திருந்தது. உகரம் தேய்வதையும் நெடில் வளர்வதையும் பத்து வருட இடைவெளியில் மூன்று 'நாலு'களை ஒலிபரப்பிக் காட்டினேன், பின்வரிசை வரை எல்லாரும் தலையாட்டினார்கள். வெளியிலிருந்து வந்த தேர்வாளர் மட்டும் ஒரு பக்கத்திலேயே நின்றார்.

"இந்த அடிக்குறிப்பு. தனிப்பட்ட காரணம்னா என்ன?"

"அதைச் சொல்ல எனக்கு அனுமதி இல்லைங்க."

"அனுமதி இல்லையா? அறுபத்தொரு ரீலைக் காரணம் சொல்லாம தள்ளியிருக்கீங்க. உங்க முடிவுக்கு ஒத்துவராததைத் தள்ளிட்டீங்கன்னு நான் எடுத்துக்கலாமா?"

நெறியாளர் அம்மா தலையைக் குனிந்துகொண்டார். உன் ஆணை ஒரு பக்கம், ஐந்து வருடம் ஒரு பக்கம். சொல்லக் கூடாது என்றே முடிவு செய்தேன். அப்போது கடைசி வரிசையில் துணிப்பையோடு ஒருவர் எழுந்தார்.

"ஐயா, மெஷின் சரியாத்தான் ஓடுச்சு."

முகத்தை நான் பார்த்ததில்லை. குரலை எட்டாயிரம் டேக்கில் கேட்டிருக்கிறேன். முதல் சொல்லிலேயே தெரிந்துவிட்டது.

"நீங்க யாரு?"

"டேக் சொன்னவன். தம்பி எதையும் மறைக்கலை. அந்த ரீல்கள்ல மைக் முன்னாடி நின்னது ஒருத்தங்க. அவங்க பேரைச் சொல்ல மாட்டேன். நம்பரை முடிச்சிட்டா விளக்கைப் போடணும், அவங்க திரைப் பக்கம் திரும்பிடுவாங்க. அதனால முடிக்க மனசு வராது. அதுதான் காரணம். நீங்க எழுதிக்கலாம்."

தேர்வாளர் கண்ணாடியைக் கழற்றினார், மறுபடியும் மாட்டிக்கொண்டார்.

"அப்ப எட்டும் பத்தும் ஏன் நீளலை?"

"அதுல இழுக்க இடம் இல்லைங்களே."

முதலில் சிரித்தது நெறியாளர் அம்மா. அப்புறம் மண்டபமே சிரித்துக் கைதட்டியது. "இதைவிடத் தெளிவா யாரும் விளக்க முடியாது" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார் அந்தத் தேர்வாளர். ஜெயித்துவிட்டோம் அக்கா.

வெளியே வந்து தேடினேன், அவர் இல்லை. ரயிலுக்குப் போய்விட்டார் என்றார்கள்.

ஆனந்தத்துடன்,
தம்பி


செப்டம்பர் 29

என் முனைவர் தம்பிக்கு,

அக்கா மிகவும் நலம். உன் கடிதத்தை ஸ்டுடியோவில் எல்லாருக்கும் வாசித்தேன், முதல் பத்தியை மட்டும். என் தம்பி ஜெயித்துவிட்டான் என்று நான் கத்திய கத்தலில் புதிதாக வந்திருக்கிற ஒலிப்பதிவாளர் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டார். எனக்கு இருக்கிற சந்தோஷத்துக்கு ஆகாயத்தில் பறக்காததுதான் பாக்கி.

மிச்சப் பத்திகளை வீட்டில் தனியாகப் படித்தேன். அந்த மாப்பிள்ளையை ஏன் வேண்டாம் என்றேன் என்று இப்போது உனக்குத் தெரியும். தெரிந்துகொண்டதையும் ஒரு முனைவர் பட்டத்தோடு செய்திருக்கிறாய். நான் அவரைப் பல வருடம் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். மீட்டரை விட்டுக் கண்ணை எடுக்காத மனுஷனிடம் போய் என்ன சொல்வது என்று பேசாமல் இருந்துவிட்டேன். அவரோ, நிச்சயம் ஆன பெண்ணிடம் இனி நமக்கு என்ன என்று எண்ணைச் சட்டென்று முடிக்கக் கற்றுக்கொண்டாராம். நிச்சயம் முறிந்தது தெரிந்த பிறகும் கேட்கப் பயம். உன் மண்டபத்தில் அத்தனை பேர் முன்னால் வராத பயம், மூன்று ஸ்டாப் தள்ளி இருக்கிற என்னிடம் இருந்திருக்கிறது.

ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்தார். இந்த முறை நான் நின்றேன், அவரை உட்கார வைத்தேன்.

"ஒன்பது வருஷம் ஏன் ஒரு வார்த்தை சொல்லலை?" என்று கேட்டேன்.

"உங்க ரீல்ல எல்லாம் சொல்லிட்டுத்தானே இருந்தேன்."

"யாருக்குக் கேட்டுச்சு?"

"உங்க தம்பிக்குக் கேட்டுச்சே."

நான் சிரித்தேன், பிறகு அழுதேன், பிறகு சரி என்றேன்.

அடுத்த மாதம் பதினாலாம் தேதி, பதிவு அலுவலகத்தில், காலை பதினோரு மணி. முதல் நாளே வந்துவிடு, உடம்பைப் பார்த்துக்கொள். சாட்சிக் கையெழுத்து நீதான் போட வேண்டும். பேருக்கு முன்னால் முனைவர் என்று எழுதிப் போடு.

பூரிப்புடன்,
அக்கா